நிழலில் பூக்கும் செடிகள்

நிழலில் ஆண்டுக்கணக்கில் வாழ்ந்து பூக்கும் செடிகளில் பெரும்பாலானவை காட்டு மரங்களின் அடியில் தோன்றியவை. மேலிருக்கும் இலைக்கூட்டம் சலித்து அனுப்பும் வெளிச்சமே அவற்றுக்குப் போதும். அதற்கேற்ப இலைகள் அகன்று மெலிந்திருக்கும். நண்பகல் வெயில் தொடர்ந்து பட்டால் வெளுத்து, ஓரம் கருகிவிடும். வெயில் விழாத சந்துகளையும் மரத்தடியையும் வீணான இடமென்று சிமெண்ட் பூசி மூடிவிடும் வழக்கம் பரவிவருவது வருத்தத்துக்குரியது. பூந்தோட்டத்துக்கு ஏற்ற இடம் பல வீடுகளில் அதுதான்.

செடி வாங்குமுன் நிழலைக் கவனிக்க வேண்டும். வேப்பமரத்தடியிலும் முருங்கையடியிலும் புள்ளி புள்ளியாக வெளிச்சம் இறங்கும். அடர்ந்த மாமரத்தடியில் அதுவும் குறைவு. பகலில் புத்தகம் படிக்க முடியாத அளவுக்கு இருண்ட மூலையில் எந்தச் செடியும் பூக்காது. கிழக்குப் பக்கம் மிகச் சிறந்தது. காலை இளவெயில் பட்டு, நண்பகலுக்குமேல் நிழல் விழுந்துவிடும். மேற்கு வெயிலோ சுடும்.

வடக்குப் பக்கத்தில்தான் பலர் ஏமாறுகிறார்கள். ஆண்டு முழுதும் அங்கு நிழல் என்று மேலைநாட்டுத் தோட்டக்கலை நூல்கள் சொல்வது தமிழ்நாட்டுக்குப் பொருந்தாது. சென்னையில் ஏப்ரல் கடைசி வாரத்தில் நண்பகல் சூரியன் நேர் உச்சிக்கு வருகிறது. பிறகு ஆகஸ்ட் நடுப்பகுதி வரை உச்சிக்கு வடக்கே நின்று காய்கிறது. கன்னியாகுமரியில் இந்தக் காலம் ஏப்ரல் இரண்டாம் வாரத்தில் தொடங்கி செப்டம்பர் தொடக்கம் வரை நீளும். தை மாதத்தில் குளிர்ந்து கிடந்த வடக்குச் சந்தில் வைகாசியில் வெயில் இறங்குவது இதனால்தான். அங்கே வைக்கும் செடிகளுக்கு அந்த மாதங்களில் மட்டும் நிழல்வலை கட்டலாம், அல்லது தொட்டிகளை இடம் மாற்றலாம்.

செடிகளில் முதலிடம் கனகாம்பரத்துக்குத்தான். தென்னிந்தியாவும் இலங்கையும் அதன் தாயகம். வணிகத் தோட்டங்களில் திறந்த வெயிலிலும் பயிராகிறது என்றாலும், வீட்டில் அரைநிழலில் வளரும்போது இலை கரும்பச்சையாகப் பளபளக்கும். பூவின் நிறமும் எளிதில் மங்காது. வாசனை இல்லாத குறையை மல்லிகையோடு சேர்த்துக் கட்டித் தமிழ்ப் பெண்கள் எப்போதோ தீர்த்துவிட்டார்கள். கதிரில் பூக்கள் அடியிலிருந்து மேல்நோக்கி மலர்ந்துகொண்டே போகும். பூத்து முடிந்த கதிரைக் கிள்ளிவிட்டால் புதுக் கதிர்கள் விரைந்து வரும். கிள்ளாமல் விட்டால் காய் முற்றிக் காயும். மழைத்துளி பட்டதும் படாரென்று வெடித்து விதையைத் தூர வீசும். டெல்லி கனகாம்பரம் எனப்படும் அடர் ஆரஞ்சு நிற வகை விதை கட்டாது. அதன் குரோமோசோம்கள் மூன்று தொகுதியாக இருப்பதே காரணம். தண்டை வெட்டி நட்டுத்தான் பெருக்க வேண்டும்.

கனகாம்பரத்தின் பெரிய எதிரி மண்ணுக்குள் இருக்கும் நூற்புழு. வேர் பழுதுபட்டு, செடி குட்டையாகி, இலை சிறுத்து வெளிறும். பூச்சிமருந்தைத் தேடுவதைவிட, நடும்போதே வேப்பம்புண்ணாக்கு கலப்பதும், ஒரே இடத்தில் திரும்பத் திரும்ப கனகாம்பரம் நடாமல் இடையில் செண்டுமல்லி வளர்ப்பதும் நல்ல வழிகள்.

டிசம்பர் பூவும் அரைநிழலைத் தாங்கும். குளிர்மாதங்களில் ஊதா நிறத்தில் பூக்கும். பசுநீலப் பூக்கள் கொண்ட நீலாம்பரம் இன்று நர்சரிகளில் தேடித்தான் வாங்க வேண்டியிருக்கிறது. இந்த மண்ணில் இயல்பாக வளரும் செடி இப்படி மறக்கப்பட்டிருக்க வேண்டியதில்லை.

வெளியிலிருந்து வந்தவற்றில் பீஸ் லில்லியும் ஆந்தூரியமும் நிழலுக்கென்றே அமைந்தவை. எத்வார் ஆந்த்ரே என்ற பிரெஞ்சுக்காரர் 1876-இல் கொலம்பியாவில் கண்டெடுத்த இனமே இன்றைய சிவப்பு ஆந்தூரியங்களின் மூதாதை. பூவென்று கருதப்படும் சிவப்புப் பகுதி உருமாறிய இலை; உண்மையான பூக்கள் நடுத்தண்டில் மிகச் சிறிய அளவில் நெருங்கி இருக்கும். ஆந்தூரியத்தின் வேருக்குக் காற்று வேண்டும் என்பதால் மண்ணுக்குப் பதில் தேங்காய் மட்டைத் துண்டு, அடுப்புக்கரி, உடைந்த செங்கல் ஆகியவற்றில் நட வேண்டும். ஏற்காடு போன்ற ஈரக்காற்று வீசும் இடங்களில் எளிதாக வளரும். சமவெளியின் சித்திரை வெக்கைக்குப் பீஸ் லில்லியே தோதானது. இவை இரண்டும் சேம்பு, கருணைக்கிழங்கின் குடும்பத்தைச் சேர்ந்தவை. அந்தக் கிழங்குகளை அரிக்கச்செய்யும் கால்சியம் ஆக்சலேட் படிகங்கள் இவற்றின் இலையிலும் உண்டு. தவழும் குழந்தையோ நாய், பூனையோ உள்ள வீட்டில் எட்டாத உயரத்தில் வைப்பது நல்லது.

நிழல்செடிகள் வாடுவதற்குக் காரணம் பெரும்பாலும் தண்ணீர்க் குறைவல்ல, மிகுதி. நிழலில் மண் மெதுவாகக் காய்வதால் தினமும் ஊற்றினால் வேர் அழுகும். விரலை மண்ணில் ஓர் அங்குலம் விட்டுப் பார்த்து, ஈரம் இல்லாதபோது ஊற்றினால் போதும். தழைச்சத்து உரம் அதிகமானால் இலை செழித்துப் பூ குறையும். மரத்தடியில் மரவேர்கள் நீரையும் சத்தையும் முந்தி எடுத்துக்கொள்ளும். அங்கே மரத்தின் தூரைச் சுற்றி மண்ணைக் குவித்தால் மரப்பட்டை அழுகும்; தொட்டிகளில் வளர்ப்பதே இரண்டுக்கும் பாதுகாப்பு. மழைக்காலத்தில் இரவு நேரத்தில் நத்தைகளைப் பொறுக்க வேண்டும்.

புதிதாகத் தொடங்குபவர்கள் வடகிழக்குப் பருவமழைக்குச் சற்று முன்பு, தெரிந்தவர் வீட்டிலிருந்து நான்கைந்து கனகாம்பரத் தண்டுகள் வாங்கிக் கிழக்குச் சுவரோரம் நட்டுப் பாருங்கள். விலை கொடுத்து வாங்கும் ஆந்தூரியம் அடுத்த ஆண்டு வரை காத்திருக்கலாம்.