`வீட்டைக் காலி பண்ணுங்க!' - ஹவுஸ் ஓனர் சொன்னா உடனே கிளம்பணுமா? சட்டம் என்ன சொல்லுது?

ஞாயிற்றுக்கிழமை காலை. கண் முழிக்கும்போதே ஹவுஸ் ஓனர்கிட்ட இருந்து ஒரு வாட்ஸ்அப் மெசேஜ். "தம்பி, இந்த மாசத்தோட வீட்டைக் காலி பண்ணிடுங்க." வாடகை பாக்கி கிடையாது, சண்டை கிடையாது. நண்பர்கள்கிட்ட கேட்டா ஒருத்தர் சிவில் கோர்ட்ங்கறார், ஒருத்தர் ரென்ட் கன்ட்ரோல்ங்கறார், இன்னொருத்தர் போலீஸ் ஸ்டேஷன்ங்கறார். சரி, உண்மையில எங்கே போகணும்?

முதல்ல ஒண்ணு. காலி பண்ணச் சொல்லி உரிமையாளர் கேட்கலாம். ஆனா, நீங்க மறுத்தா, உங்களை வெளியேற்ற உத்தரவு போடும் அதிகாரம் அவருக்குக் கிடையாது.

பழைய சட்டம் இப்போ இல்லை!

நம்ம அப்பா, தாத்தா காலத்து `ரென்ட் கன்ட்ரோல்' சட்டம் 1960-ல் வந்தது. அதுல விதிவிலக்குகள் நிறைய. கட்டி 5 வருஷம் ஆகாத கட்டடத்துக்கு அந்தச் சட்டம் பொருந்தாது. மாச வாடகை 400 ரூபாயைத் தாண்டினா அந்த வீட்டுக்கும் பொருந்தாது. `கடைக்கு இல்லாத வரம்பு வீட்டுக்கு மட்டும் ஏன்?' என்ற கேள்வி எழுந்து, 1986-ல் அந்த 400 ரூபாய் விதிவிலக்கை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது.

இப்போ அமலில் இருப்பது தமிழ்நாட்டின் 2017-ம் ஆண்டு வாடகைச் சட்டம். 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறைக்கு வந்தது. `நியாய வாடகை'யைக் கோர்ட் நிர்ணயித்த காலம் போய், ஒப்பந்தத்தில் எழுதியதுதான் வாடகை என்றாகிவிட்டது.

மூணு கதவுகள்

புதுச் சட்டத்தில் மூன்று படிகள். முதல் படி வாடகை அதிகாரி. துணை கலெக்டர் அந்தஸ்துக்குக் குறையாதவர். ஒப்பந்தப் பதிவு, வாடகை வாங்க மறுப்பது, கரன்ட், தண்ணீரை நிறுத்துவது எல்லாம் இவர்கிட்ட. ரெண்டாவது, வாடகை நீதிமன்றம். காலி பண்ணச் சொல்லும் வழக்கு இங்கேதான். மூணாவது, மேல்முறையீட்டுக்கான வாடகைத் தீர்ப்பாயம்.

இந்தச் சட்டத்துக்குள் வரும் விவகாரங்களை சிவில் கோர்ட் விசாரிக்க முடியாது. `வீடே யாருக்குச் சொந்தம்?' என்பதுதான் பிரச்னை என்றால், அது வாடகை நீதிமன்றத்தின் வேலை இல்லை. அதுக்கு சிவில் கோர்ட்தான்.

வாடகை நீதிமன்றத்திலும் உரிமையாளர் காரணம் சொல்லியாகணும். 2 மாத வாடகை பாக்கி, உள்வாடகைக்கு விட்டது, வீட்டைத் தவறாகப் பயன்படுத்தியது, சொந்தத் தேவை போன்றவை அந்தக் காரணங்கள். பாக்கிக்கு நோட்டீஸ் வந்தாலும், ஒரு மாதத்துக்குள் வட்டியோடு கட்டிவிட்டால் அந்தக் காரணத்துக்காக வெளியேற்ற முடியாது.

அந்த 11 மாத அக்ரிமென்ட்...

இங்கேதான் பலரும் மாட்டிக்கறாங்க. ஸ்டாம்ப் பேப்பர்ல 11 மாசத்துக்கு எழுதிக் கையெழுத்துப் போட்டா போதும்னு நினைக்கிறோம். ஒரு வருஷத்துக்குக் குறைவான குத்தகையை சார் பதிவாளர் ஆபீஸ்ல பதிய வேண்டாம் என்ற பழைய பழக்கம் அது. ஆனா, இந்தச் சட்டப்படி எல்லா வாடகை ஒப்பந்தமும் எழுத்தில் இருக்கணும். வாடகை அதிகாரிகிட்ட பதிவாகி எண் வாங்கியிருக்கணும். ஆன்லைன்லயே விண்ணப்பிக்கலாம்.

பதியலைன்னா என்ன? முறையான ஒப்பந்தம் போடத் தவறியதே காலி பண்ணச் சொல்ல ஒரு காரணம் என்கிறது பிரிவு 21. நீங்க ஒழுங்கா வாடகை கட்டியிருந்தாலும், அந்த ஒரு பேப்பர் இல்லாதது உங்களுக்கு எதிரா திரும்பலாம்.

உங்க வீடு யாருடையது?

எல்லா வீட்டுக்கும் இந்தச் சட்டம் பொருந்தாது. அரசு, உள்ளாட்சி அமைப்புகளின் கட்டடங்கள், வேலையோடு சேர்த்து நிறுவனம் கொடுக்கும் குவார்ட்டர்ஸ், வக்ஃபு சொத்துகளுக்கெல்லாம் விலக்கு உண்டு. மாநில அரசுக் கட்டடத்தில் உரிமை முடிந்தும் தங்கினால், 1975-ம் ஆண்டின் தனிச் சட்டப்படி எஸ்டேட் ஆபீசரே உத்தரவு போடலாம்.

மயிலாப்பூர், திருவல்லிக்கேணி பக்கம் குடியிருக்கீங்களா? இடம் கோயிலுக்குச் சொந்தமான்னு விசாரிச்சுக்கங்க. குத்தகை முடிஞ்சும் தொடர்ந்தா, அறநிலையத்துறைச் சட்டத்தில் நீங்க `ஆக்கிரமிப்பாளர்'. விசாரிப்பவர் அந்தத் துறையின் இணை ஆணையர்.

இன்னிக்கே செய்ய வேண்டியவை

* வாடகையை ரொக்கமா கொடுக்காதீங்க. யுபிஐ, பேங்க் டிரான்ஸ்ஃபர்னு அனுப்பினா ஆதாரம் தானா சேரும்.

* ஓனர் வாடகை வாங்க மறுத்தா, `அவர்தானே வாங்கலை'ன்னு சும்மா இருக்காதீங்க. மணி ஆர்டர்ல அனுப்புங்க. தொடர்ந்து மறுத்தா வாடகை அதிகாரிகிட்ட டெபாசிட் பண்ணலாம்.

* கரன்ட், தண்ணியை நிறுத்தினா வாடகை அதிகாரிகிட்ட மனு கொடுங்க. உடனே திரும்பக் கொடுக்கச் சொல்லி இடைக்கால உத்தரவு போட அவருக்கு அதிகாரம் இருக்கு.

* பூட்டை மாத்தறது, சாமானைத் தூக்கி வெளியே போடறது, மிரட்டறதுன்னு போனா போலீஸ்ல புகார் கொடுக்கலாம். ஆனா, `காலி பண்ணணுமா, வேண்டாமா'ன்னு தீர்ப்பு சொல்றது போலீஸ் வேலை இல்லை.

* கோர்ட் சம்மன் வந்தா வாங்குங்க, ஆஜராகுங்க. நீங்க போகலைன்னா, உங்க தரப்பைக் கேட்காமலே உத்தரவு வந்துடும். வக்கீல் வைக்க வசதி இல்லாதவங்க, மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் இலவச உதவிக்குத் தகுதி இருக்கான்னு கேட்டுப் பாருங்க.

அந்த ஞாயிற்றுக்கிழமை மெசேஜுக்குக் கோபமா ரிப்ளை போடறதுக்கு முன்னாடி, பீரோவைத் திறந்து அக்ரிமென்ட்டை எடுங்க. அதுல பதிவு எண் இருக்கா?