ஒரு குடும்பத்தின் மௌனம்

1959ஆம் ஆண்டு ஆகஸ்டு 13ஆம் தேதி நமது கல்கத்தா நகரில் ஓர் ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று. ஜப்பானில் வாழ்ந்த கொரியரை வட கொரியாவுக்கு அனுப்புவது குறித்து, அவ்விரு நாடுகளின் செஞ்சிலுவைச் சங்கங்கள் செய்துகொண்ட உடன்பாடு அது. அந்த ஏற்பாடு ஒரு குடும்பத்தை என்ன செய்தது என்பதைப் படமாக்கிக் காட்டியவர் யாங் யோங்ஹி. அவர் 1964இல் ஒசாகாவில் கொரியப் பெற்றோருக்குப் பிறந்த பெண்மணி, ஆவணப்படக் கலைஞர்.

கொரியா 1910 முதல் 1945 வரை ஜப்பானின் ஆட்சியில் இருந்தது. போர் முடிந்தபோது ஜப்பானிலிருந்த ஏறத்தாழ 20 லட்சம் கொரியருள் சுமார் 6 லட்சம் பேர் அங்கேயே தங்கினர். 1952இல் சமாதான உடன்படிக்கை நடைமுறைக்கு வந்ததும் அவர்கள் ஜப்பானியக் குடியுரிமையை இழந்தனர். வறுமையும் வேற்றுமையும் வாட்டிய நிலையில், வட கொரியா பலருக்குப் பொன்னாடாகத் தோன்றியது. 1959 டிசம்பர் முதல் 1984 வரை 93,000க்கு மேற்பட்டோர் கப்பலேறினர். அவர்களுள் பெரும்பாலோரின் பூர்விகம் தென் கொரியா என்பது வியப்பிற்குரியது. சென்றவர்கள் விரும்பியபோது திரும்பிவர வழியிருக்கவில்லை.

யோங்ஹியின் தந்தை, வட கொரியாவை ஆதரித்த கொரியர் சங்கத்தின் முக்கியப் பணியாளர். 1970களின் தொடக்கத்தில் தம் மூன்று புதல்வரையும் அவர் அங்கு அனுப்பிவைத்தார். அப்போது யோங்ஹி சிறுமி. அண்ணன்மாரையும் அவர்தம் பிள்ளைகளையும் தாங்கியது ஒசாகாவிலிருந்து தாயார் ஓயாது அனுப்பிய பொருட்பெட்டிகளே. 2005இல் வெளிவந்த ‘அன்புள்ள பியோங்யாங்’ என்ற படத்தில், கொள்கையில் உறுதி குன்றாத முதிய தந்தையை மகள் பரிவோடு வினவுகிறார். புதல்வரை அனுப்பியது குறித்த வருத்தம் இறுதியில் அவர் சொற்களில் வெளிப்படுகிறது. இப்படத்தின் விளைவாக யோங்ஹி வட கொரியாவுக்குள் நுழைவது தடை செய்யப்பட்டது.

ஆயினும் ஒரு கேள்வி எஞ்சியது. தென் பகுதியைச் சேர்ந்த செஜு தீவைப் பூர்விகமாகக் கொண்ட தாயார், தென் கொரிய அரசை ஏன் அவ்வளவு வெறுத்தார்? 2021ஆம் ஆண்டுப் படமான ‘சூப்பும் கொள்கையும்’ அதற்கு விடை தருகிறது. 1948இல் செஜுவில் எழுந்த கிளர்ச்சியை அடக்கும்போது 25,000 முதல் 30,000 பேர் வரை மாண்டனர் என்று மதிப்பிடப்படுகிறது. பதினெட்டு வயதில் அக்கொடுமையைக் கண்டு, ஜப்பானுக்குத் தப்பி வந்தவர் அத்தாயார். பல்லாண்டுகள் வாய் திறவாதவர், முதுமையில்தான் மகளிடம் அதனைச் சொன்னார். 2018இல் செஜுவுக்கு அவரை அழைத்துச் சென்றபோது மறதிநோய் அந்நினைவுகளை அழித்துக்கொண்டிருந்தது.

தாய் மறக்கத் தொடங்கியதை மகளின் படம் நினைவில் நிறுத்திற்று. பெற்றோரின் பிடிவாதம் என்று மகள் கருதியதன் அடியில் ஒரு பெரும் புண் இருந்தது. அரசுகளின் ஒப்பந்தங்களில் எண்ணிக்கைகளே காணப்படும். அவற்றின் விலையைக் கொடுத்தவர் யார் என்பதை அறியக் குடும்பங்களின் கதையையும் நாம் கேட்கவேண்டும்.