ஒரு கொடியில் ஐந்து பெயர்கள்



மேச்சேரியில் ஒரு பள்ளிக்கூடம் என்று வைத்துக்கொள்வோம். முதல் மணி அடித்தாயிற்று. ஆசிரியை வருகைப் பதிவேட்டைத் திறந்து ஒவ்வொரு பெயராக வாசிக்கிறார்.

"மல்லிகா."

"உள்ளேன் டீச்சர்."

"மாலதி… முல்லைக்கொடி… யாஸ்மின்… ஜாஸ்மின்…"

ஐந்து குரல்கள் அடுத்தடுத்துக் கேட்கின்றன. இவர்களில் ஒருத்தி வீட்டில் தீபாவளிக்கு முறுக்கு சுடுவார்கள். ஒருத்தி வீட்டில் ரம்ஜானுக்குப் பிரியாணி மணக்கும். இன்னொருத்தி வீட்டு வாசலில் டிசம்பர் மாதம் நட்சத்திரம் தொங்கும். ஐந்து பேரும் ஒரே பெஞ்சில் உட்காருகிறார்கள். ஆனால் தங்கள் பெயர்கள் எல்லாம் ஒரே இனத்துக் கொடியில் பூத்தவை என்பது அவர்களுக்குத் தெரியாது. அந்தக் கொடியைத்தான் இன்று பிடித்துக்கொண்டு போகப் போகிறோம்.

பெயர் நடந்த பாதை

முதலில் யாஸ்மினையும் ஜாஸ்மினையும் பார்ப்போம். பாரசீக மொழியில் இந்தப் பூவுக்கு 'யாஸமன்' என்று பெயர். அது அரபு மொழிக்குப் போய் 'யாஸ்மின்' ஆனது. அங்கிருந்து ஐரோப்பாவுக்குப் போனபோது பிரெஞ்சுக்காரர்கள் 'ஜாஸ்மன்' என்றார்கள், ஆங்கிலேயர்கள் 'ஜாஸ்மின்' என்றார்கள். யகரம் ஜகரமாக மாறியது, அவ்வளவுதான். யாஸ்மினும் ஜாஸ்மினும் ஒரே சொல்லின் இரண்டு உச்சரிப்புகள்.

அடுத்தவள் மல்லிகா. நாம் மல்லிகை என்பதை வடமொழியில் மல்லிகா என்பார்கள். இந்தச் சொல் சீனாவரைக்கும் போயிருக்கிறது. சீனர்கள் மல்லிகையை 'மோலி' என்று அழைக்கிறார்கள். மல்லிகா என்ற சொல் அவர்கள் வாயில் அப்படி ஆகிவிட்டது. மாலையில் விரியப்போகும் மொக்குகளைத் தேயிலையோடு கலந்து இரவெல்லாம் வைத்திருப்பார்கள். பூ விரிய விரிய அதன் வாசத்தைத் தேயிலை உறிஞ்சிக்கொள்ளும். அதுதான் மல்லிகைத் தேநீர்.

மாலதியும் மல்லிகை இனத்துப் பெயர்தான். வடமொழியில் ஜாதிமல்லியை மாலதி என்பார்கள். அந்தச் சொல் கடல் தாண்டி இந்தோனேசியாவுக்குப் போய் 'மெலாத்தி' ஆனது. அங்கே குண்டுமல்லிக்கே அந்தப் பெயரை வைத்துவிட்டார்கள். 1990-இல் அதைத் தேசிய மலர்களில் ஒன்றாகவும் அறிவித்தார்கள். மெலாத்தி என்று பெயர் வைத்த பெண் குழந்தைகள் அந்த நாட்டில் நிறைய உண்டு. நம் ஊர் மாலதியின் கடல் கடந்த தோழிகள் அவர்கள். பிலிப்பைன்ஸ் நாட்டின் தேசிய மலரும் இதே குண்டுமல்லிதான். 1934-ஆம் ஆண்டு முதல் அந்தப் பெருமை அதற்கு இருக்கிறது.

ஐந்தாமவள் முல்லைக்கொடி. அவள் எங்கும் போகவில்லை, நம் மண்ணிலேயே இருக்கிறாள்.

முல்லை நிலத்து ஊர்

பழந்தமிழர் நிலத்தைப் பிரித்துப் பெயர் வைத்தபோது பூக்களின் பெயரைத்தான் வைத்தார்கள். மலைக்குக் குறிஞ்சி, வயலுக்கு மருதம், கடற்கரைக்கு நெய்தல். காடும் மேய்ச்சல் நிலமும் சேர்ந்த இடத்துக்கு முல்லை. முல்லை நிலத்து மக்கள் ஆடு மாடு மேய்க்கும் ஆயர்கள். அந்த நிலத்துக்கு உரிய பருவம் கார்காலம், உரிய நேரம் மாலை.

இப்போது மேச்சேரியை நினைத்துப் பாருங்கள். சேலம் மாவட்டத்தில், மேட்டூர் அணைக்குப் பக்கத்தில் இருக்கும் மானாவாரி பூமி. ஆட்டுப் பட்டிகளுக்குப் பேர்போன இடம். 'மேச்சேரி ஆடு' என்று ஒரு செம்மறி இனத்துக்கே இந்த ஊரின் பெயர் இருக்கிறது. இளம் பழுப்பு நிறம், உடம்பில் கம்பளி இல்லாத குட்டை முடி, கொம்பில்லாத தலை என்று பார்த்தவுடன் அடையாளம் தெரியும். இதன் தோல் மிக உயர்ந்த தரமானது. இந்த இனத்தைப் பாதுகாத்துப் பெருக்குவதற்காகவே பக்கத்துப் பொட்டனேரியில் கால்நடை மருத்துவப் பல்கலைக்கழகத்தின் ஆராய்ச்சி நிலையம் ஒன்று இருக்கிறது.

ஆடும் மேய்ச்சலும் மழையை எதிர்பார்க்கும் மண்ணும் என்றால், அந்தக் காலத்து ஆட்கள் இந்தப் பக்கத்தையும் முல்லை நிலம் என்றுதான் சொல்லியிருப்பார்கள். இந்த ஆட்டையும் அந்தப் பூவையும் ஒரு விஞ்ஞானச் செய்தி சேர்த்துக் கட்டுகிறது. அதைச் சற்றுப் பொறுத்துச் சொல்கிறேன்.

இலையைப் பார், பூவைப் பிளந்து பார்

மல்லிகை இனத்துக்குத் தாவரவியலில் 'ஜாஸ்மினம்' என்று பெயர். உலகம் முழுவதும் சுமார் 200 வகைகள் இருக்கின்றன. சேலம் பூ மார்க்கெட்டுக்குப் போனால் குண்டுமல்லி, முல்லை, ஜாதிமல்லி, காக்கட்டான் என்று கூடை கூடையாகப் பார்க்கலாம்.

எது எந்தச் செடி என்று பூவை வைத்துச் சொல்ல முடியாவிட்டால் இலையைப் பாருங்கள். குண்டுமல்லிக்கு ஒற்றை இலை. ஜாதிமல்லிக்கு ஒரே காம்பில் ஏழு, ஒன்பது என்று சிற்றிலைகள் வரிசையாக இருக்கும். முல்லை இலைதான் வேடிக்கையானது. நடுவில் ஒரு பெரிய இலை இருக்கும். அதன் அடியில் இரண்டு பக்கமும் காது மாதிரி குட்டிக் குட்டியாக இரண்டு இலைகள் ஒட்டிக்கொண்டிருக்கும். இதைக் கவனித்த தாவரவியலாளர்கள் முல்லைக்கு 'ஜாஸ்மினம் ஆரிகுலேட்டம்' என்று பெயர் வைத்தார்கள். 'ஆரிகுலேட்டம்' என்றால் சிறு காது உடையது என்று பொருள்.

இப்போது ஒரு முல்லைப் பூவை எடுத்து அதன் மெல்லிய குழாயை நகத்தால் நீளவாக்கில் கீறுங்கள். உள்ளே மகரந்தம் தரும் கேசரங்கள் எத்தனை? இரண்டே இரண்டு. செம்பருத்தியில் எண்ண முடியாத அளவு இருக்கும். மல்லிகையில் இரண்டுதான். இந்த இரண்டு கேசரம் ஒரு குடும்ப அடையாளம். ஆலிவ் மரத்துப் பூவிலும் இரண்டு, பவளமல்லிப் பூவிலும் இரண்டு. பைபிளில் ஒலிவ மரம் என்று வருமே, அது மல்லிகைக்கு உறவு! மூன்றும் ஒரே தாவரக் குடும்பம்.

சாயங்காலம் வரும் வாசம்

குண்டுமல்லித் தோட்டத்துக்கு விடியுமுன்னே போய்விடுவார்கள். இடுப்பில் மடி கட்டிக்கொண்டு, நாளை விரியும் சின்ன அரும்பை விட்டுவிட்டு, இன்று மாலை விரியப்போகும் முற்றிய மொக்கை மட்டும் கிள்ளுவார்கள். அப்போது அதில் வாசமே இருக்காது. பஸ் ஸ்டாண்டில் பூக் கட்டுகிற ஆயா ஒருவரிடம், சின்ன வயதில் நான் கேட்டிருக்கிறேன்.

"ஏன் ஆயா, மொக்கா இருக்குது. வாசமே வரலையே?"

"இரு கண்ணு. பொழுது எறங்கட்டும். அது தானா வரும்."

வாழைநாரில் முடிச்சுப் போடும் விரல் நிற்கவே இல்லை, பதிலும் ஒரே வரிதான். ஆனால் அந்த ஒரு வரியில் பெரிய அறிவியல் இருக்கிறது.

பல பூக்கள் செடியிலிருந்து பறித்ததும் வாசம் தயாரிப்பதை நிறுத்திவிடும். மல்லிகை மொக்கு நிறுத்தாது. அதற்குள் உயிர் வேலை தொடர்ந்து நடக்கிறது. மாலையில் இதழ்களின் உட்பக்கச் செல்கள் நீரால் விம்மி நீளும்போது மொக்கு வெளிப்பக்கமாக விரிகிறது. அதே நேரம் இதழ்கள் வாசப் பொருள்களைக் காற்றில் விடத் தொடங்குகின்றன.

ஏன் பகலில் விரியாமல் மாலையில் விரிகிறது? காட்டு மல்லிகைகளைத் தேடி வரும் விருந்தாளி இரவில்தான் வருகிறது. நீண்ட உறிஞ்சுகுழல் உள்ள அந்துப்பூச்சிதான் அந்த விருந்தாளி. இருட்டில் அதற்கு வெள்ளைதான் எடுப்பாகத் தெரியும். தூரத்தில் இருந்து வழி காட்ட வாசம் வேண்டும். குழாயின் அடியில் இருக்கும் தேனை எடுக்க நீளமான குழல் வேண்டும். வெள்ளை நிறம், மாலை வாசம், ஒல்லிக் குழாய் என்ற மூன்றும் அந்துப்பூச்சிக்கு எழுதிய ஒரே அழைப்பிதழ்.

அந்த வாசம் ஒரே பொருளால் ஆனதில்லை, நூற்றுக்கும் மேற்பட்ட பொருள்களின் கலவை. பழ வாசம் தரும் பென்சைல் அசிட்டேட் அதில் நிறைய இருக்கிறது. லினலூல் என்று ஒன்று உண்டு. இதே லினலூல் கொத்தமல்லி விதையிலும் ஏராளமாக இருக்கிறது. கொத்தமல்லி மல்லிகைக்கு உறவே கிடையாது, கேரட்டுக்குத்தான் உறவு. இருந்தாலும் வாசத்தில் ஒரு பங்கு ஒன்றாக அமைந்திருக்கிறது. இன்டோல் என்ற பொருளும் மல்லிகையில் இருக்கிறது. தனியாக நிறைய எடுத்து மோந்தால் மூக்கைப் பிடித்துக்கொள்ள வேண்டிய நாற்றம் அது. ஆனால் துளியூண்டு கலந்தால்தான் மல்லிகை மல்லிகையாக மணக்கிறது.

ஆடு கடித்தால் இலை என்ன செய்யும்?

இப்போது நான் சொன்ன முடிச்சுக்கு வருவோம்.

1962-இல் விஞ்ஞானிகள் ஜாதிமல்லியின் வாச எண்ணெயைப் பிரித்து ஆராய்ந்தபோது அதில் ஒரு புதிய பொருளைக் கண்டார்கள். ஜாஸ்மினில் கிடைத்ததால் அதற்கு 'மெத்தில் ஜாஸ்மோனேட்' என்று பெயர் வைத்தார்கள். நல்ல வாசனைப் பொருள் என்று மட்டும்தான் அப்போது நினைத்தார்கள்.

1990-இல் அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலப் பல்கலைக்கழகத்தில் எட்வர்ட் ஃபார்மர், கிளாரன்ஸ் ரயான் என்ற இருவர் ஒரு சோதனை செய்தார்கள். தக்காளிச் செடிகளை மூடிய பெட்டிக்குள் வைத்து, பக்கத்தில் 'சேஜ்பிரஷ்' என்ற புதர்ச்செடியின் கிளையை வைத்தார்கள். அந்தப் புதரின் இலை மெத்தில் ஜாஸ்மோனேட்டைக் காற்றில் விடும். இரண்டும் ஒன்றையொன்று தொடவில்லை. ஆனாலும் தக்காளி இலைகள் ஒரு தற்காப்புப் பொருளைத் தயாரிக்கத் தொடங்கின. அந்த இலையைத் தின்னும் புழுவுக்குச் செரிமானம் கெட்டுப்போகும். அடி படாமலே, காற்றில் வந்த செய்தியை மட்டும் கேட்டு, தக்காளி தயாராகிவிட்டது!

அதன் பிறகு உண்மை தெளிவானது. மல்லிகையில் மட்டும் இருக்கிற பொருள் என்று நினைத்தது அநேகமாக எல்லாப் பூக்கும் தாவரங்களிலும் இருக்கிறது. புழு கடித்தாலும் ஆடு கடித்தாலும், காயம் பட்ட சில நிமிடங்களிலேயே இலை இந்த ஜாஸ்மோனேட் குடும்பப் பொருள்களைத் தயாரிக்கிறது. செடிக்குள் அது எச்சரிக்கை மணி. அந்த மணி அடித்ததும் செடி வளர்ச்சியைக் கொஞ்சம் நிறுத்திவைத்து, தன்னைக் காக்கும் வேலையில் இறங்குகிறது.

ஆகவே மேச்சேரிக் காட்டில் ஒரு பழுப்பு நிற ஆடு ஒரு தழையைக் கடித்து இழுக்கும்போதெல்லாம், அந்தச் செடிக்குள் ஜாஸ்மின் பெயர் கொண்ட ஒரு பொருள் ஓடி ஓடிச் செய்தி சொல்கிறது. ஆட்டுக்கும் அது தெரியாது, மேய்ப்பவருக்கும் அது தெரியாது. இனி உங்களுக்குத் தெரியும்.

செய்து பாருங்கள்

வீட்டில் பூ வாங்கும் நாளில் பத்து மல்லிகை மொக்குகளை எடுத்துக்கொள்ளுங்கள். ஐந்தை ஈரத்துணியில் சுற்றி ஃபிரிட்ஜில் வையுங்கள். ஐந்தை ஈரத்துணியில் சுற்றி வெளியே வையுங்கள். மாலை நான்கு மணியில் இருந்து மணிக்கு ஒரு முறை பார்த்து, எத்தனை விரிந்தன, எப்போது வாசம் வந்தது என்று நோட்டில் எழுதுங்கள். குளிரில் இருப்பவை ஏன் தாமதிக்கின்றன என்று வகுப்பில் பேசுங்கள். உயிர் வேலைகளுக்கு வெப்பம் வேண்டும் என்பதை உங்கள் நோட்டே சொல்லிவிடும்.

பதியம் போட்ட பெயர்

கடைசியாக ஒன்று. அடுக்கு இதழ் உள்ள குண்டுமல்லி பொதுவாக விதை விடுவதில்லை. பிறகு எப்படி அது அரபு நாட்டுக்கும் சீனாவுக்கும் இந்தோனேசியாவுக்கும் போனது? காற்றும் பறவையும் அதைக் கொண்டுபோக முடியாது. ஒரு கொடியை வளைத்து மண்ணில் புதைத்து, வேர் விட்டதும் வெட்டி எடுத்து, பதியம் போட்டோ, தண்டுத் துண்டை நட்டோதான் அடுத்த செடி வரும். அப்படி என்றால் உலகில் எங்கே ஒரு அடுக்கு மல்லி இருந்தாலும், யாரோ ஒருவர் கையால் இன்னொருவர் கைக்குக் கொடுத்ததால்தான் அது அங்கே இருக்கிறது. பல இடங்களில் கொடுத்தவர் செடியோடு பெயரையும் சேர்த்துக் கொடுத்திருக்கிறார்.

நம் வீடுகளிலும் பெயர் அப்படித்தான் வருகிறது. பாட்டியின் பெயரைப் பேத்திக்கு வைப்பது நம் வழக்கம். பேத்தி என்ற சொல்லே 'பெயர்த்தி' என்பதில் இருந்து வந்ததுதான். பெயரைத் தாங்குகிறவள் என்று அதற்குப் பொருள். பேரன் என்பதும் 'பெயரன்'தான். பாட்டியின் கொடியில் இருந்து ஒரு கிளை வளைந்து, பேத்தியிடம் வேர் பிடிக்கிறது.

உங்கள் வகுப்பிலும் பூப்பெயர் கொண்ட தோழிகள் இருப்பார்கள். தாமரை, செண்பகம், குமுதா, ரோஜா என்று எது வேண்டுமானாலும் இருக்கலாம். நாளைக்கு அவர்களிடம் கேளுங்கள்: "இந்தப் பெயரை உனக்கு யார் கொடுத்தது? அந்தப் பூவை நீ பிளந்து பார்த்திருக்கிறாயா?" முதல் கேள்விக்குப் பதில் வீட்டில் கிடைக்கும். இரண்டாவதற்குப் பதில் பூவிலேயே இருக்கிறது.