கல்லாய்ச் சமைந்த மரங்கள்

கதைகளில் மந்திரவாதி சபித்தால் காடே கல்லாகும். சாபம் எதுவுமின்றியே கல்லான மரங்கள் நம் தமிழ்நாட்டில் இருக்கின்றன என்று அறிவியல் ஆசிரியை கூறியபோது நாங்கள் நம்பவில்லை. திண்டுக்கல்லில் பிறந்த எங்களுக்குக் கல் புதிதன்று. கண் விழித்தால் மலைக்கோட்டைப் பாறைதான். ஆனால் அதில் ஒரு மரத்துண்டுகூடக் கிடைக்காது. அது பூமிக்கடியில் கடும் வெப்பத்தில் உருவான பாறை. அந்தச் சூட்டில் எந்த உயிரின் சுவடும் தங்காது. சேறும் மணலும் படிந்து இறுகிய பாறைகளைத்தான் தேட வேண்டும்.

ஆகவே பெரம்பலூர் மாவட்டத்துச் சாத்தனூருக்குச் சுற்றுலா சென்றோம். (வழியில் மணப்பாறை முறுக்கு வாங்கியதையும் சொல்லாவிட்டால் தோழியர் கோபிப்பர்.) வேலிக்குள் ஓர் அடிமரம் நீண்டு கிடந்தது. நீளம் 18 மீட்டர்! தூரத்திலிருந்து பார்த்தால் நேற்றுக் காற்றில் சாய்ந்த மரம் போலவே இருந்தது. 1940-ஆம் ஆண்டில் இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையின் டாக்டர் எம். எஸ். கிருஷ்ணன் இதைக் கண்டறிந்தார். வயது ஏறத்தாழ 12 கோடி ஆண்டுகள். பூக்கும் மரங்கள் பெருகுவதற்கு முன் ஓங்கி நின்ற ஊசியிலை மர இனம் இது. அக்காலத்தில் அப்பகுதியில் கடல் இருந்தது என்பதை எங்களில் பலர் இன்னும் நம்பாமலே இருக்கிறோம். ஆனால் சுற்றுப்புறத்தில் கடல் வாழ் உயிர்களின் ஓடுகள் கல்லாகக் கிடைக்கின்றனவே!

மரம் எப்படிக் கல்லாகும்? விழுந்த மரத்தை வெள்ளம் அடித்து வந்து சேற்றில் புதைக்கிறது. காற்றுப் படாததால் அது எளிதில் மக்குவதில்லை. நிலத்தடி நீரில் கரைந்துள்ள சிலிக்கா மரத்தின் நுண்ணறைகளுக்குள் ஊறுகிறது. வீட்டில் நெல்லிக்காயை உப்பில் ஊறப் போடுகிறோம் அல்லவா? காய் உருமாறாமலேயே உள்ளுக்குள் உப்பு ஏறிவிடுகிறது. அதுபோலத்தான். ஆனால் நெல்லிக்காய்க்குச் சில நாள் போதும். இங்கே கணக்கற்ற ஆண்டுகள். மரப்பொருள் சிறிது சிறிதாக நீங்க, சிலிக்கா அதனிடத்தில் படிகிறது. அதனால் நாரோட்டம்கூட அழியாமல் நிற்கிறது. தட்டினால் மட்டும் கல்லின் ஓசை.

இது ஒற்றை மரம். காடு என்று சொல்லத்தக்கது விழுப்புரம் மாவட்டத்துத் திருவக்கரையில் உள்ளது. பிரெஞ்சு நாட்டு இயற்கை ஆய்வாளர் சொன்னரா 1781-லேயே அதைப் பற்றிக் குறித்திருக்கிறார். அங்குள்ளவை சுமார் 2 கோடி ஆண்டுகள் பழமையானவை. சாத்தனூர் மரத்துக்கு அவை பேத்திகள்! கிளையோ வேரோ இலையோ இல்லாத தண்டுகளாகவே கிடக்கின்றன. ஆகவே அவை அங்கே வளர்ந்தவை அல்ல, வெள்ளத்தில் உருண்டு வந்தவை என்கின்றனர் அறிஞர். ஊர் மக்களோ, அவை அம்மன் கோயில் கதையில் வரும் வக்கிராசுரனின் எலும்புகள் என்பர். பார்த்ததும் அப்படித் தோன்றியதில் வியப்பில்லை.

அமெரிக்காவில் அரிசோனா மாநிலத்திலும் இத்தகைய கற்காடு உண்டு. அங்கிருந்து துண்டுகளை எடுத்துச் சென்ற பலர், பின்னர் மனம் உறுத்தி, மன்னிப்புக் கடிதத்துடன் தபாலில் திருப்பி அனுப்புகிறார்களாம். ஆனால் எந்த இடத்தில் எடுத்தது என்று தெரியாததால் மீண்டும் அங்கே போட முடியாது. தனியே குவித்து வைத்திருக்கிறார்கள்.

இதைப் படித்து நாங்கள் சிரிக்கவில்லை. திரும்பும் வழியில் எங்களில் ஒருத்தியின் ஜியாமெட்ரி பெட்டியில் ஒரு பழுப்பு நிறத் துண்டு இருந்தது. வேலிக்கு வெளியே கிடந்ததுதான் என்று அழுதாள். சிஸ்டர் திட்டவில்லை, "எங்கே எடுத்தாய்?" என்று மட்டும் கேட்டார்கள். அவளுக்குச் சொல்லத் தெரியவில்லை. அடுத்த ஆண்டு செல்லும் வகுப்பிடம் கொடுத்தனுப்பலாம் என்று அதை ஆய்வுக்கூட அலமாரியில் வைத்திருக்கிறோம். எங்கே வைக்கச் சொல்வது என்றுதான் இன்னும் தெரியவில்லை.