வெள்ளிவாள் செடி: வேலியால் மட்டும் காக்க முடியுமா?

அமெரிக்காவின் ஹவாய் மாநிலத்தில், மாவி தீவிலுள்ள ஹலேயாகலா எரிமலையின் மேற்பகுதியில் மட்டுமே வளரும் ஒரு செடியினம், அழிவின் விளிம்பிலிருந்து ஏற்கனவே ஒருமுறை மீட்கப்பட்டது. ஆனால் 1990களிலிருந்து அதன் எண்ணிக்கை மீண்டும் சரிந்துவருகிறது.

சூரியகாந்திக் குடும்பத்தைச் சேர்ந்த இச்செடியை ஹவாய் மக்கள் அஹினாஹினா என்கின்றனர். வாள் போன்ற இலைகளை வெள்ளி நிற மென்மயிர்கள் போர்த்தியிருப்பதால் ஆங்கிலத்தில் வெள்ளிவாள் என்று பெயர். கடும் வெயிலிலிருந்து செடியைக் காப்பவை இம்மயிர்களே.

ஒரே ஒரு பூப்பு

கடல் மட்டத்திலிருந்து 2,100 மீட்டருக்கு மேல், எரிமலைச் சாம்பலில் இது வளர்கிறது. பல பத்தாண்டுகள் காத்திருந்து, ஒரே ஒரு முறை ஆளுயரத் தண்டில் நூற்றுக்கணக்கான பூக்களைத் தாங்கி, விதை கொடுத்தபின் மூங்கிலைப் போல மடிந்துவிடுகிறது.

விதை முதிர வேறொரு செடியின் மகரந்தம் தேவை. அதைக் கொண்டு சேர்ப்பவை பெரும்பாலும் உள்ளூர்த் தேனீக்கள். அவற்றை வெளியிலிருந்து வந்த அர்ஜென்டினா எறும்புகள் அச்சுறுத்துகின்றன. அருகருகே போதிய செடிகள் ஒரே பருவத்தில் பூக்காவிட்டாலும் விதை குறையும்.

மீட்சியும் சரிவும்

ஆடுமாடுகளின் மேய்ச்சலாலும், வேடிக்கைக்காகச் செடிகளைப் பிடுங்கிய பயணிகளாலும், 1930களில் சுமார் 4,000 செடிகளே எஞ்சின. பறிப்பதற்குத் தடையும், ஆடுகளைத் தடுக்கும் வேலிகளும் பலனளித்தன. 1990களின் தொடக்கத்தில் எண்ணிக்கை 60,000ஐத் தாண்டியது. எனினும், ஒரே மலையில் மட்டும் வாழ்வதால் 1992இல் அமெரிக்க அரசு இதனை அச்சுறுத்தலுக்குள்ளான இனமாக அறிவித்தது.

அதன் பின்னர் ஏற்பட்ட சரிவுக்கு வறட்சியே முக்கியக் காரணம் என்று 2013இல் வெளியான ஆய்வு சுட்டிக்காட்டியது. ஹவாய் மலைகளில் மேகங்கள் குறிப்பிட்ட உயரத்துக்கு மேல் எழாமல் ஒரு வெப்பக் காற்றடுக்கு தடுக்கிறது. இந்த அடுக்கு அடிக்கடி உருவாகும்போது உச்சிக்கு ஈரப்பதம் குறைகிறது. ஈரத்துக்குப் பழகிய தாழ்வான சரிவுகளின் செடிகளே கூடுதலாக மடிந்தன.

சாதாரணமாக, சூழல் வெப்பமடைந்தால் மலைத் தாவரங்கள் மேல்நோக்கி இடம்பெயரலாம். ஆனால் 3,055 மீட்டர் உயரமுள்ள இம்மலையின் உச்சி வரை இச்செடி ஏற்கனவே பரவியுள்ளது. இதற்கு மேலே செல்ல இடமில்லை.

ஆட்டையும் மனிதரையும் வேலி தடுத்தது. மழையின்மையைத் தடுக்கும் வேலி எதுவும் இல்லை என்பதே இன்றைய சிக்கல்.