சக்கரவர்த்தியின் முன் வாசிக்கப்பட்ட விசுவாச அறிக்கை

ஞாயிறு ஆராதனையில் சபையார் எழுந்து நின்று, ஒரே குரலில் விசுவாசப் பிரமாணம் சொல்வது கிறிஸ்தவ ஆலயங்களில் வழக்கம். அது பெரும்பாலான சபைகளுக்கும் பொதுவானது. ஆனால் லுத்தரன் சபையாருக்கு அதோடு வேறு சில ஆவணங்களும் உண்டு. அவற்றுள் தலையாயது ஆக்ஸ்பர்க் விசுவாச அறிக்கை. 1530ஆம் ஆண்டு ஜூன் 25ஆம் நாள் ஜெர்மனியில் பிறந்த அந்த அறிக்கை, தரங்கம்பாடிக் கடற்கரை வரை வந்து சேர்ந்த கதை சுவையானது.

துருக்கியர் பயம்

மார்ட்டின் லுத்தர் என்ற துறவி, பாவமன்னிப்புச் சீட்டு விற்பனையை எதிர்த்து 95 வாதங்களை வெளியிட்டது 1517இல். 1521இல் உவோர்ம்ஸ் நகரில் சக்கரவர்த்தி ஐந்தாம் சார்லசின் முன் நின்று, தம் எழுத்துகளைத் திரும்பப் பெற மறுத்தார். அவரை யார் வேண்டுமானாலும் பிடித்துக் கொடுக்கலாம் என்று சக்கரவர்த்தி ஆணை பிறப்பித்தார்.

ஒன்பது ஆண்டுகள் சென்றன. 1529இல் துருக்கியப் படை வியன்னா நகரை முற்றுகையிட்டது. பகைவன் வாசலில் நிற்கும்போது வீட்டுக்குள் சண்டை இருக்கலாமா? சமயப் பிளவைத் தீர்த்து, எல்லாச் சிற்றரசர்களையும் ஓரணியில் திரட்டச் சக்கரவர்த்தி விரும்பினார். ஆக்ஸ்பர்க் நகரில் பேரவையைக் கூட்டி, அவரவர் கொள்கையை எழுதித் தருமாறு கேட்டார்.

லுத்தர் அங்கே போக முடியவில்லை. போனால் உயிருக்கு ஆபத்து. சாக்சனி அரசருக்கு உரிய கோபர்க் கோட்டையில் தங்கிக் கடிதங்கள் மூலமே ஆலோசனை கூறினார். அறிக்கையை எழுதும் பொறுப்பு அவருடைய நண்பர் பிலிப் மெலாங்க்தனுக்கு வந்தது. அவர் கிரேக்க மொழிப் பேராசிரியர். வயது 33. யாரையும் புண்படுத்தாமல் பேசும் இயல்புடையவர். அறிக்கையிலும் அந்த நிதானம் தெரிகிறது.

இரண்டு மணி நேரம்

அறிக்கையை எந்த மொழியில் வாசிப்பது என்பதிலேயே தகராறு எழுந்தது. லத்தீனில் வாசிக்கும்படி சக்கரவர்த்தி சொன்னார். அவருக்கு ஜெர்மன் மொழி அவ்வளவாக வராது. ஆனால் சாக்சனி அரசர் ஜான் விட்டுக் கொடுக்கவில்லை. நாம் நிற்பது ஜெர்மன் மண், ஆகவே ஜெர்மன் மொழியிலேயே வாசிக்க வேண்டும் என்று வாதாடி அனுமதி பெற்றார்.

ஆயர் மாளிகைச் சிற்றாலயத்தில் பிற்பகல் மூன்று மணியளவில் சாக்சனி அமைச்சர் கிறிஸ்டியன் பேயர் வாசிக்கத் தொடங்கினார். வாசித்து முடிக்க இரண்டு மணி நேரம் ஆயிற்று. வெளி முற்றத்தில் நெருக்கியடித்து நின்ற மக்களுக்கும் சொல் சொல்லாகக் கேட்கும்படி அவர் வாசித்தார். ஏழு அரசர்களும் இளவரசர்களும், நூரம்பர்க், ராய்ட்லிங்கன் ஆகிய இரு நகரங்களும் அதில் கையொப்பமிட்டிருந்தன. கையெழுத்துப் போட்டவர்கள் பாதிரிமார் அல்ல. நாட்டையும் பதவியையும் இழக்கக்கூடிய ஆட்சியாளர்கள் என்பது குறிப்பிடத்தக்கது.

என்ன சொல்கிறது?

அறிக்கையில் 28 பிரிவுகள் உள்ளன. முதல் 21 பிரிவுகள் விசுவாசத்தை விளக்குபவை. பின் ஏழும் திருச்சபையில் நுழைந்த தவறான வழக்கங்களைப் பற்றியவை: திருவிருந்தில் மக்களுக்குத் திராட்சரசம் மறுக்கப்பட்டது, குருமார் மணம் செய்யத் தடை, உணவு விதிகள், துறவறப் பொருத்தனைகள், ஆயர்களின் அதிகாரம் முதலியன.

இவற்றின் மையம் நான்காம் பிரிவு. மனிதன் தன் புண்ணிய காரியங்களைக் கூலியாகக் காட்டிக் கடவுளிடம் நீதிமான் என்ற பெயரை வாங்க முடியாது. கிறிஸ்துவின் பொருட்டு, கிருபையால், விசுவாசத்தின் வழியாக அது இலவசமாகக் கிடைக்கிறது என்பதே அதன் சாரம். அப்படியானால் நற்செயல் வேண்டாமா என்று கேட்டவர்களுக்கும் அறிக்கையிலேயே பதில் உண்டு. நல்ல மரம் நல்ல கனி தருவதுபோல, விசுவாசம் நற்செயலைத் தரும். மரத்தைக் கனி உண்டாக்குவதில்லை.

ஏழாம் பிரிவும் முக்கியமானது. நற்செய்தி தூய்மையாகப் போதிக்கப்பட்டு, திருமுழுக்கும் திருவிருந்தும் முறையாக வழங்கப்படும் விசுவாசிகளின் கூட்டமே திருச்சபை. சடங்குகள் எங்கும் ஒரே மாதிரி இருக்க வேண்டிய அவசியமில்லை. வேறு வேறு மொழியும் பழக்கமும் கொண்ட நாடுகளில் இந்த அறிக்கை வேர்விட முடிந்ததற்கு இந்தப் பிரிவும் ஒரு காரணம்.

அறிக்கை நூலாயிற்று

எதிர்த்தரப்பு இறையியலார் தயாரித்த மறுப்பு ஆகஸ்ட் 3ஆம் நாள் வாசிக்கப்பட்டது. அதற்குப் பதிலாக மெலாங்க்தன் ஒரு நீண்ட விளக்கம் எழுதி 1531இல் வெளியிட்டார். பிறகு போரும் நடந்தது. 1555இல் ஏற்பட்ட ஆக்ஸ்பர்க் உடன்படிக்கையே இந்த அறிக்கையை ஏற்றவர்களுக்குச் சட்ட பாதுகாப்பு அளித்தது.

1546இல் லுத்தர் மறைந்த பின் அவருடைய சீடர்களுக்குள்ளேயே பூசல் மூண்டது. திருவிருந்தைப் பற்றிய வாசகத்தை மெலாங்க்தன் 1540இல் மாற்றி வெளியிட்டிருந்ததும் ஒரு காரணம். 1577இல் ஓர் இணக்க உடன்பாடு உருவாகி, எண்ணாயிரத்துக்கும் மேற்பட்ட குருமாரும் ஆசிரியரும் அதில் கையொப்பமிட்டனர். முதல் அறிக்கையின் ஐம்பதாம் ஆண்டு நிறைவு நாளான 1580 ஜூன் 25இல், எல்லா ஆவணங்களும் ஒரே நூலாக டிரெஸ்டன் நகரில் வெளியாயின.

அந்நூலில் பாமரருக்கு மிக நெருக்கமானது லுத்தர் 1529இல் எழுதிய சிறிய ஞானோபதேசம். கிராமச் சபைகளைப் பார்வையிட்ட அவர், பத்துக் கட்டளைகூடத் தெரியாத மக்களையும் குருமாரையும் கண்டு வருந்தி அதை எழுதினார். குடும்பத் தலைவன் பிள்ளைகளுக்கும் வேலைக்காரருக்கும் வீட்டிலேயே சொல்லித் தரும்படி, கேள்வியும் பதிலுமாக அமைந்தது அது.

தரங்கம்பாடியில்

டென்மார்க் அரசர் நான்காம் பிரெடரிக் அனுப்பிய சீகன்பால்கும் புளுட்சோவும் 1706 ஜூலை 9ஆம் நாள் தரங்கம்பாடியில் வந்திறங்கினர். தமிழ் கற்ற சீகன்பால்கு, சிறிய ஞானோபதேசத்தைத் தமிழாக்கினார். சாக்சனி அரசர் ஜெர்மன் மொழிக்காக வாதாடினார். அதே விசுவாசம் இங்கே தமிழ் பேசிற்று.

ஆனால் சோதனையும் வந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டில், சபைக்குள் சாதி வேறுபாட்டை அனுமதிக்கலாமா என்ற கேள்வி எழுந்தது. அது சமூக வழக்கம்தான், படிப்படியாக மறையட்டும் என்றார் லைப்சிக் மிஷன் தலைவர் கார்ல் கிரவுல். திருக்குறளை ஜெர்மன் மொழிக்குக் கொண்டுசென்றவரும் அவரே. இதை ஏற்காத கார்ல் ஓக்ஸ் என்ற மிஷனரி விலகிப்போய் மேல்பட்டாம்பாக்கத்தில் தனியே பணி தொடங்கினார். அங்கிருந்து வளர்ந்ததே ஆற்காடு லுத்தரன் திருச்சபை. லைப்சிக் மிஷன் பணியின் வழியில் 1919இல் தமிழ் சுவிசேஷ லுத்தரன் திருச்சபை உருவாயிற்று. விசுவாசம் ஒன்று என்று கையொப்பமிடுவது எளிது; ஒரே பந்தியில் அமர்வதுதான் கடினம் என்பதை அந்தப் பிரிவு காட்டிற்று.

தவறும் திருத்தமும்

இந்த அறிக்கையில் கரும்புள்ளியும் உண்டு. குழந்தைத் திருமுழுக்கை ஏற்காதவர்களை அது கடுமையாகக் கண்டித்தது. அவர்களைத் துன்புறுத்த அந்த வாசகங்கள் ஆயுதமாயின. 2010இல் ஸ்டுட்கார்ட் நகரில் கூடிய லுத்தரன் உலகக் கூட்டமைப்பு, அந்த மக்களின் வழிவந்த மென்னோனைட் சபையாரிடம் மன்னிப்புக் கோரியது. அதற்கு முன் 1999 அக்டோபர் 31இல், அதே ஆக்ஸ்பர்க் நகரில், நீதிமானாக்கப்படுதல் பற்றிக் கத்தோலிக்கத் திருச்சபையும் லுத்தரன் கூட்டமைப்பும் கூட்டறிக்கையில் கையொப்பமிட்டன.

இந்தோனேசியாவின் பட்டாக் மக்கள் 1951இல் தங்களுக்கென ஓர் அறிக்கையைத் தாங்களே எழுதிக்கொண்டனர். மறு ஆண்டே உலகக் கூட்டமைப்பு அவர்களைச் சேர்த்துக்கொண்டது.

1530இல் சக்கரவர்த்தியிடம் கொடுக்கப்பட்ட ஜெர்மன் பிரதி, லத்தீன் பிரதி இரண்டும் தொலைந்துவிட்டன. எனினும் அதன் வாசகம் உலகெங்கும் சபைகளில் வாழ்கிறது. காகிதம் போனாலும், சபையார் அதைத் தங்கள் மொழியில் வாய்திறந்து சொல்லும் வரையில், அதன்படி நடக்க முயலும் வரையில், அறிக்கைக்கு அழிவில்லை.