ஒரே நிலம், பல வழக்குகள்: சேர்த்து விசாரிப்பது எப்போது?

கொல்லிமலையில் ஒரு தோட்டத்தை மதிப்பிடுவோர் அதிலுள்ள பலாமரங்களையும், அவற்றில் ஏறிய மிளகுக்கொடிகளையும், ஓடைநீர் வரும் வழியையும் சேர்த்தே மதிப்பிடுவர். அத்தகைய நிலத்தில் தகராறு மூளுமாயின், அது ஒரு வழக்கோடு நிற்பது அரிது.

ஓர் உதாரணம் கொள்வோம். தந்தை விட்டுச்சென்ற தோட்டத்தைப் பாகம் பிரித்துத் தர வேண்டுமென்று தம்பி வழக்குத் தொடுக்கிறார். தோட்டம் முழுவதும் தமது அனுபவத்தில் இருப்பதால் தம்பி உள்ளே நுழையலாகாதென்று அண்ணன் தடையுத்தரவு கோரி மற்றொரு வழக்குப் போடுகிறார். அண்ணனிடம் ஒரு பகுதியைக் கிரயம் பெற்றவர், அது தமக்கே பாத்தியம் என்று மூன்றாம் வழக்கைத் தாக்கல் செய்கிறார். மூன்றிலும் அடிப்படைக் கேள்வி ஒன்றே: நிலம் யாருக்கு உரியது? பட்டாவும், பத்திரங்களும், அண்டை நிலத்தாரின் சாட்சியமும் மூன்றுக்கும் பொதுவானவையே.

இவ்வழக்குகள் தனித்தனியே நடக்குமாயின், ஒரே சாட்சி மூன்று முறை 70 கொண்டையூசி வளைவுகளைக் கடந்து சமவெளிக்கு இறங்க வேண்டும். வக்கீல் செலவும் மும்மடங்காகும். இவற்றினும் பெரிய கேடு ஒன்றுண்டு. தம்பிக்குப் பங்கு உண்டென்று ஒரு கோர்ட்டும், அவர் தோட்டத்தில் கால்வைக்கலாகாதென்று மற்றொரு கோர்ட்டும் தீர்ப்பளிக்க நேரிடலாம். அப்போது தகராறு தீராது, வளரவே செய்யும்.

இதற்குப் பரிகாரம் வழக்குகளைச் சேர்த்து விசாரிப்பதாகும். 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் இதற்கெனத் தனிப் பிரிவு வகுக்கப்படவில்லை. ஆயினும் 151ஆம் பிரிவு, நியாயம் வழங்கும் பொருட்டு நீதிமன்றத்துக்கு இயல்பாகவே உள்ள அதிகாரத்தை நிலைநிறுத்துகிறது. சணல் ஆலை ஒன்றுக்கும் சிமெண்டுக் கம்பெனி ஒன்றுக்கும் இடையே எழுந்த விவகாரத்தில், 2004ஆம் ஆண்டு உச்சநீதிமன்றம் இதனைத் தெளிவாக்கியது. இரு வழக்குகளின் எழுவினாக்கள் முழுமையாகவோ, போதிய அளவிலோ ஒத்திருந்தால் அவற்றைச் சேர்த்து விசாரிக்கலாம்; சாட்சியத்தை ஒருமுறை பதிந்து, ஒரே தீர்ப்பும் வழங்கலாம்.

வழக்குகள் வெவ்வேறு கோர்ட்டுகளில் இருப்பின், அவற்றை ஓரிடத்துக்கு மாற்றுமாறு 24ஆம் பிரிவின்படி மாவட்ட நீதிமன்றத்தில் மனுச் செய்யலாம். கொல்லிமலையாருக்கு அது நாமக்கல்லில் உள்ளது. 10ஆம் பிரிவு இதனின்று வேறுபட்டது. அதே தரப்பினரிடையே அதே பிரச்சினை முந்தைய வழக்கிலேயே நேரடியாக எழுந்திருக்குமாயின், பிந்தைய வழக்கின் விசாரணையை அது நிறுத்திவைக்கிறது. நிறுத்துவது ஒன்று, சேர்ப்பது மற்றொன்று.

நிலம் ஒன்றாயிருப்பது மட்டும் சேர்ப்பதற்குப் போதிய காரணமாகாது. ஒரு வழக்கில் சாட்சியம் முடிந்து, மற்றொன்று இப்போதுதான் தொடங்கியிருப்பின், சேர்ப்பதால் தாமதமே மிகும். பாகப் பிரிவினை வழக்கையும், அந்நிலத்தில் வேலை செய்த கூலிப் பாக்கி வழக்கையும் சேர்ப்பதால் பயனில்லை. இரண்டின் சாட்சியமும் வேறு. சங்கத்துக்கும் அங்கத்தினருக்கும் இடையிலான கடன் தகராறு, 1983ஆம் ஆண்டின் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 90ஆம் பிரிவுப்படி பதிவாளரிடம் செல்வது. அதனைக் கோர்ட்டிலுள்ள நில வழக்கோடு இணைக்க இயலாது.

ஓர் எச்சரிக்கையும் அவசியம். சேர்த்து விசாரித்தாலும் வழக்குகள் தனித்தனியானவையே. உத்தரப் பிரதேசத்தில் சொத்து பற்றிய நான்கு வழக்குகள் சேர்த்து விசாரிக்கப்பட்டு, ஒரே தீர்ப்பு வழங்கப்பட்டது. தோற்றவர் நான்கு மேல்முறையீடுகள் செய்தார். அவற்றுள் ஒன்று காலங்கடந்ததாலும், மற்றொன்று ஆவணங்களை அச்சிடுவதற்கான நடவடிக்கையை எடுக்காததாலும் தள்ளுபடியாயின. அவ்விரண்டும் முடிந்த முடிவாகிவிட்டமையால், எஞ்சிய இரண்டையும் கேட்கத் தடை ஏற்பட்டதென்று 1966ஆம் ஆண்டு ஷியோதன் சிங் வழக்கில் உச்சநீதிமன்றம் கூறிவிட்டது. ஆகவே தீர்ப்பு ஒன்றாயினும், டிக்ரிகள் எத்தனை என்பதைக் கேட்டறிந்து, பாதகமான ஒவ்வொன்றின் மீதும் உரிய காலத்தில் மேல்முறையீடு செய்ய வேண்டும். ஒன்றை விட்டால் அனைத்தையும் இழக்க நேரிடலாம்.

மலையில் பயிரிடுவோர்க்குக் கூறிய இது, தறிக்குழி உள்ள பூர்வீக வீட்டுக்காக வழக்காடும் நெசவாளர்க்கும் பொருந்தும். வக்கீலைக் காணச் செல்லும்போது கைவசமுள்ள வழக்கின் காகிதங்களை மட்டுமன்றி, அச்சொத்தைப் பற்றிய எல்லா வழக்குகளின் எண்களையும், கோர்ட்டுகளின் பெயர்களையும், அடுத்த வாய்தாத் தேதிகளையும் ஒரே தாளில் எழுதிக்கொண்டு செல்லுங்கள். விசாரணை தொடங்குமுன்பே இணைப்பு மனுவைப் பற்றிக் கேளுங்கள். பழங்குடியினருக்கும் பெண்களுக்கும் வருமான வரம்பின்றி இலவச சட்ட உதவி பெற 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டம் உரிமை அளித்துள்ளது. மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகத் தயங்க வேண்டாம்.

மிளகு விற்ற பணம் மூன்று வழக்குகளுக்குச் செலவாகும் குடும்பத்தில், வெல்பவருக்கும் மிஞ்சுவது சொற்பமே. ஒரே உண்மையை ஒருமுறை கூறி, ஒரே தீர்ப்பைப் பெறும் வழியைச் சட்டம் திறந்து வைத்திருக்கிறது. அவ்வழியை உரிய காலத்தில் கேட்டுப் பெறுவது நம் பொறுப்பாகும்.